லியோன் சதுக்கப் படம் (1895): சரியான வேகத்தில் திரையிடுவது எப்படி?

கிங்ஸ்சர்க்கிள்காரன்:

வணக்கம். மாட்டுங்காவில் எங்கள் படக்குழுவின் ஜூலை 7 கூட்டத்தில் சினிமாவின் முன்னோடிகளான பிரான்ஸின் லூமியேர் சகோதரர்களின் குறும்படங்கள் பத்தைப் போடுகிறோம். வருபவர்களில் பாதிப் பேர் பள்ளிப் பிள்ளைகள், மீதிப் பேர் அவர்களுடைய தாத்தா பாட்டிமார். அதிக நேரம் கொடுக்க நினைப்பது லியோன் நகரத்து கோர்தெலியே சதுக்கத்தை எடுத்த படத்துக்கு. அதில் கதை கிடையாது. குதிரை வண்டிகள் போகின்றன, ஆட்கள் தெருவைக் கடக்கிறார்கள்.

சிக்கல் இதுதான். கையில் மூன்று பிரதிகள் இருக்கின்றன. ஒன்று 34 வினாடியில் முடிகிறது, எல்லோரும் ஓட்டமும் நடையுமாகத் தெரிகிறார்கள். இரண்டாவது 50 வினாடிக்குச் சற்று மேல், நிதானமாக இருக்கிறது, ஆனால் அசைவில் ஒரு தட்டுத் தட்டல். மூன்றாவது வண்ணம் பூசி, வழவழவென்று ஓடும் வினாடிக்கு 60 பிரேம் (தனித்தனிப் படச்சட்டம்) பதிப்பு. எதைப் போடுவது? மடிக்கணினியிலிருந்து மண்டபத்து புரொஜக்டருக்குப் போகும்போது எந்த வேகத்தில் அனுப்ப வேண்டும்?

இன்னும் இரண்டு கேள்வி. இந்தப் படம் 1896இல் வாட்சன் ஓட்டலில் பம்பாய்க்காரர்கள் பார்த்த படம் என்று சுவரொட்டியில் போடலாமா? திரையிடலுக்குப் பிறகு, மழைக்காலம் முடிந்ததும், பிள்ளைகளை வைத்துத் தென் மும்பையின் ஹுதாத்மா சௌக்கில் இதே முறையில் ஒரு நிமிடப் படம் கைபேசியில் எடுக்கும் திட்டமும் உண்டு. எப்படி எடுத்தால் அதன் பக்கத்திலாவது போய் நிற்கும்? தெரிந்தவர்கள் விவரமாகச் சொல்லுங்கள்.

பிரேம்எண்ணி:

முதலில் வேகம். மற்ற எல்லாம் இதைப் பொறுத்தது.

லூமியேர் கருவியில் ஒரு தடவை போடும் பிலிம் 17 மீட்டர். கைப்பிடியை ஒரு சுற்றுச் சுற்றினால் 8 பிரேம் நகரும். வினாடிக்கு இரண்டு சுற்று என்பது பழக்கம், ஆகவே வினாடிக்கு 16. முழுச் சுருளில் 850க்குச் சற்று முன்பின்னாகப் பிரேம்கள் இருக்கும். அதை 16இல் ஓட்டினால் 50 வினாடிக்குக் கொஞ்சம் மேல் வரும். அதே பிரேம்களை வினாடிக்கு 25 என்று ஓட்டினால் 34 வினாடி. உங்கள் முதல் பிரதியின் கதை இவ்வளவுதான்: பிலிமை ஒரு பிரேமுக்கு ஒரு வீடியோ பிரேம் என்று மாற்றிவிட்டு, தொலைக்காட்சி வேகத்தில் ஓடவிட்டிருக்கிறார்கள். மௌனப் படக் காலத்து மனிதர்கள் குடுகுடுவென்று நடப்பதாக நம் மனத்தில் பதிந்திருப்பதற்கு இந்த அலட்சியம்தான் பெரிய காரணம். லியோன்காரர்கள் நம்மைப் போலத்தான் நடந்தார்கள்.

ஆனால் 16 என்பது சட்டம் இல்லை. கையால் சுற்றியது. ஒருவர் 14இல் சுற்றுவார், இன்னொருவர் 20இல். ஒரே படத்துக்குள்ளேயே ஏறி இறங்கும். அதனால் கோப்பின் மேல் எழுதியிருக்கும் எண்ணை விட்டுவிட்டுப் படத்துக்குள்ளேயே அளக்க வேண்டும்.

அளக்கும் முறை: விஎல்சி பிளேயரில் ஒரு பிரேம் ஒரு பிரேமாக நகர்த்தும் விசை இருக்கிறது. 34 வினாடிப் பிரதியை எடுத்துக்கொள்ளுங்கள். சாதாரணமாக நடக்கும் ஒரு பெரிய ஆளைத் தேர்ந்து, அவர் பத்து அடி எடுத்து வைக்க எத்தனை பிரேம் ஆகிறது என்று எண்ணுங்கள். நகரத்தில் இயல்பாக நடப்பவர் நிமிடத்துக்கு 110 முதல் 120 அடி வைப்பார். பத்து அடிக்கு ஏறக்குறைய 5.3 வினாடி. எண்ணி வந்த பிரேமை 5.3ஆல் வகுத்தால் எடுத்த வேகம் கிடைக்கும். 85 வந்தால் 16. 106 வந்தால் 20. ஐந்தாறு பேரையாவது அளந்து நடுவில் நிற்கும் எண்ணை எடுங்கள். குழந்தைகள், சுமை தூக்கியவர்கள், வண்டிக்கு முன்னால் விரைந்து கடப்பவர்கள், கேமராவைப் பார்த்து நடை தயங்கியவர்கள் இவர்களை விட்டுவிடுங்கள். குதிரையை வைத்து அளக்க வேண்டாம். நடையா பெருநடையா என்பதைப் பொறுத்து வேகம் இரண்டு மடங்கு மாறும்.

எதாவது கீழே விழும் காட்சி இருந்தால் அது இன்னும் நல்ல சாட்சி. 1.2 மீட்டர் உயரத்திலிருந்து விழும் பொருளுக்கு அரை வினாடி ஆகும். அது 8 பிரேமில் விழுந்தால் வேகம் 16. மனித நடைக்கு நாடும் காலமும் உண்டு, புவியீர்ப்புக்கு இல்லை. சதுக்கப் படத்தில் இது கிடைப்பது அரிது. உங்கள் பத்தில் சுவர் இடிக்கும் படம் இருந்தால் அங்கே செய்து பாருங்கள்.

படத்தின் வெளிச்சத்தையும் கவனியுங்கள். கைப்பிடி மெதுவானால் ஒவ்வொரு பிரேமுக்கும் கூடுதல் நேரம் ஒளி படும், அந்த இடம் வெளுக்கும். படத் தொடக்கத்தில் சில பிரேம்கள் வெளுத்திருப்பது கை இன்னும் வேகம் பிடிக்கவில்லை என்பதால். நடுவில் திடீரென்று ஒரு வெளுப்பு, உடனே ஒரு வண்டி காணாமல் போகிறது என்றால், சுற்றுவதை நிறுத்திவிட்டு மறுபடி தொடங்கியிருக்கிறார்கள். அது 1890களிலேயே நடந்த வெட்டு. பிரதி கெட்டுப்போனதாக நினைத்து அதை மென்மையாக்கி மறைக்காதீர்கள்.

இரண்டாவது பிரதியின் தட்டல் பற்றி: 16ஐ 24ஆக்க, ஒரு பிரேம் ஒரு தடவையும் அடுத்தது இரண்டு தடவையும் வைப்பார்கள். பிரேம் பிரேமாக நகர்த்தினால் ஒன்று, இரண்டு, ஒன்று, இரண்டு என்று வரும். 25ஆக்கினால் வரிசை ஒழுங்கில்லாமல் இருக்கும். ஒவ்வொரு 25இலும் 9 இரட்டிப்பு. இந்த இரண்டும் சரிசெய்யக் கூடியவை. ஒரு ஆளுக்குப் பக்கத்தில் அவருடைய மங்கலான நிழலுருவம் தெரிந்தால் இரண்டு பிரேம்களைக் கலந்துவிட்டார்கள் என்று பொருள். கலந்ததைப் பிரிக்க வழியில்லை, வேறு பிரதிதான் தேட வேண்டும்.

சக்கரத்தின் ஆரங்கள் பின்னோக்கிச் சுழல்வது போலத் தெரிந்தால் பயப்பட வேண்டாம். 16 பிரேமில் எடுத்த எந்த ஆரச் சக்கரமும் ஏதோ ஒரு வேகத்தில் அப்படித் தெரியும்.

தாதர்டீக்கடை:

பசங்க வர்ற கூட்டம்னா அந்த கலர் 60 பிரேம் பதிப்பையே போடுங்க அண்ணா. கருப்பு வெள்ளைன்னா ரெண்டு நிமிஷத்துல போனை எடுத்துடுவாங்க. கலர்ல பார்த்தா நம்ம தெரு மாதிரி ஒட்டிக்கும்.

பிரேம்எண்ணி:

தம்பி, அந்தக் கவலை நியாயமானது. ஆனால் அந்தப் பதிப்பில் ஏறக்குறைய நான்கு பிரேமுக்கு ஒன்றுதான் லியோனில் எடுத்தது. 16ஐ 60 ஆக்க இடையில் உள்ள எல்லாவற்றையும் மென்பொருள் ஊகித்து வரைந்திருக்கிறது. ஒருவரை ஒருவர் கடக்கும் இடத்தில் நிறுத்திப் பாருங்கள்: கால்கள் உருகி ஒட்டிக்கொள்ளும், குதிரைக் கால் மூன்றாகும், வண்டிச் சக்கரத்தின் ஆரம் குழம்பாகும். சிறிய முகங்களுக்குத் தானாகவே கண்ணும் மூக்கும் வரைந்திருக்கும். அந்த முகங்கள் யாருடையவையும் அல்ல. உடையின் நிறமும் அப்படியே. அந்த பிலிமுக்குச் சிவப்பு கிட்டத்தட்ட தெரியவே தெரியாது, ஆகவே எந்தப் பாவாடை என்ன நிறம் என்பதற்கு அதில் தடயமே இல்லை. அன்றாட வாழ்க்கையின் பதிவு என்று சொல்லி ஊகத்தைக் காட்டக் கூடாது.

பிள்ளைகளை உட்கார வைக்க வேறு வழி இருக்கிறது. ஒவ்வொரு படமும் ஒரு நிமிடம் கூட இல்லை. எல்லாவற்றையும் இரண்டு தடவை போடுங்கள். முதல் தடவை ஒன்றும் சொல்லாமல். இரண்டாவது தடவைக்கு முன் ஒரே ஒரு வேலை கொடுங்கள்: "தலையில் தொப்பி இல்லாத ஆளைக் கண்டுபிடி", "கேமராவைத் திரும்பிப் பார்ப்பவர் எத்தனை பேர்", "நிழல் எந்தப் பக்கம் விழுகிறது". போனை யாரும் எடுக்க மாட்டார்கள்.

பூத்ஆபரேட்டர்:

புரொஜக்டர் பக்கத்தை நான் சொல்கிறேன்.

மண்டபத்து புரொஜக்டர்கள் பெரும்பாலும் 60 ஹெர்ட்ஸில் ஓடும், அதாவது வினாடிக்கு 60 தடவை படத்தைப் புதுப்பிக்கும். 60ஐ 16ஆல் வகுத்தால் 3.75. சில பிரேம் நான்கு தடவை, சில மூன்று தடவை நிற்கும், அசைவு தடுக்கும். 48 ஹெர்ட்ஸ் ஏற்கும் புரொஜக்டர் என்றால் பிரச்சினையே இல்லை: 16 மூன்று 48, ஒவ்வொரு பிரேமும் சமமாக மூன்று தடவை. பழைய மௌனப்பட புரொஜக்டர்களில் மூன்று இதழ் ஷட்டர் (ஒளியை விட்டு விட்டு மறைக்கும் சுழல் தகடு) வைத்ததும் இதே கணக்குத்தான், வினாடிக்கு 48 தடவை ஒளி விழுந்தால் கண் மினுக்கத்தைப் பெரும்பாலும் உணராது. மடிக்கணினியின் திரை அமைப்பில் 48 வருகிறதா என்று மண்டபத்திலேயே, அதே கேபிளில், முந்தைய நாள் பாருங்கள். வீட்டுத் திரையில் பார்த்தது அங்கே செல்லாது.

48 வராவிட்டால் 24க்கு ஒன்று, இரண்டு, ஒன்று, இரண்டு என்று தயாரித்த கோப்பு போதும். உங்கள் அளவு 20 என்று வந்த படங்களுக்கு 60 ஹெர்ட்ஸே அருமையாகப் பொருந்தும், ஒவ்வொரு பிரேமும் மூன்று தடவை.

தயாரிக்கும் வழி: டாவின்சி ரிசால்வ் என்ற படத்தொகுப்பு மென்பொருளின் இலவசப் பதிப்பு போதும். புதிய புராஜெக்ட் திறந்ததும், எதையும் உள்ளே கொண்டுவரும் முன், டைம்லைன் (படத்தை அடுக்கும் வரிசை) வேகத்தை 24 அல்லது 48 என்று வையுங்கள். கோப்பை இறக்கிய பிறகு மாற்ற விடாது. இரட்டிப்பு இல்லாத 34 வினாடிப் பிரதியை எடுத்து, கிளிப் அட்ரிபியூட்ஸ் பகுதியில் அதன் வேகத்தை 16 ஆக்குங்கள். அளந்தது 17 என்றால், டைம்லைனில் வேகச் சதவீதத்தை மாற்றிச் சரிப்படுத்தலாம். ரீடைம் பிராசஸ் என்ற இடத்தில் கட்டாயம் நியரஸ்ட், அதாவது இருக்கும் பிரேமையே அப்படியே திரும்ப வைப்பது. பிரேம் பிளெண்ட் வைத்தால் பேய் உருவம் வரும், ஆப்டிகல் ஃப்ளோ வைத்தால் மேலே சொன்ன உருகிய கால்கள் உங்கள் கையாலேயே வரும்.

இரட்டிப்புள்ள பிரதி மட்டும்தான் நல்ல தரத்தில் கிடைக்கிறது என்றால், எஃப்எஃப்எம்பெக் என்ற இலவச வீடியோ மென்பொருளில் எம்பிடெசிமேட் வடிகட்டி ஒரே மாதிரியான அடுத்தடுத்த பிரேம்களை நீக்கித் தரும். இணையப் பிரதிகளில் இரட்டிப்புப் பிரேம்கள்கூட அமுக்கத்தால் துளி வேறுபடும், அதனால் அதன் உணர்திறன் அளவைச் சற்றுத் தளர்த்த வேண்டியிருக்கும். அதிகம் தளர்த்தினால் உண்மையான பிரேம்களும் போய்விடும். முடிந்ததும் மொத்தத்தை எண்ணுங்கள்: 850 பக்கத்தில் இருந்தால் சரி, 700 என்றால் மறுபடி செய்யுங்கள். பிரதியின் இரண்டு முனையும் சிதைந்து தொலைந்த படங்களில் கொஞ்சம் குறையும், அதைக் கணக்கில் கொள்ளுங்கள்.

படச்சட்டத்தின் வடிவம் ஏறக்குறைய நான்குக்கு மூன்று, மூலைகள் வளைந்திருக்கும். அகலத் திரையை நிரப்புவதற்காக மேலும் கீழும் வெட்டாதீர்கள். சதுக்கப் படத்தில் கீழ் ஓரத்தில்தான் நிழலும் கால்களும், மேல் ஓரத்தில் கட்டடத்துப் பலகைகளும். பலகை எழுத்து கண்ணாடியில் பார்ப்பது போல இடவலம் மாறித் தெரிந்தால் பிலிமை மறுபக்கம் திருப்பி ஸ்கேன் செய்திருக்கிறார்கள், இடவலம் மாற்றிவிடுங்கள். ஆட்டத்தைக் குறைக்க விரும்பினால் கட்டடத்தின் ஒரு மூலையைப் பிடித்து லேசாக நிலைப்படுத்துங்கள். தானியங்கி முறை பெரிய வண்டியைப் பிடித்துக்கொண்டு கட்டடத்தை ஆட்டும்.

புரொஜக்டரிலோ தொலைக்காட்சியிலோ அசைவை வழவழப்பாக்கும் வசதி இருந்தால் அணையுங்கள். இவ்வளவு பாடுபட்டுச் சேர்த்ததை அது ஒரே நொடியில் கெடுக்கும். படங்களுக்கு நடுவில் ஐந்து வினாடி கருப்பு விடுங்கள்.

வாட்சன்வாசல்:

சுவரொட்டி பற்றி. அப்படிப் போட வேண்டாம்.

1896 ஜூலை 7 அன்று வாட்சன் ஓட்டலில் லூமியேரின் ஆளான மாரியுஸ் செஸ்தியே நடத்திய காட்சியில் ஆறு படங்கள்: சினிமட்டோகிராப் வருகை, ரயில் வருகை, கடற்குளியல், சுவர் இடிப்பு, தொழிற்சாலையை விட்டு வெளியேறுதல், சக்கரங்களில் பெண்களும் சிப்பாய்களும். கோர்தெலியே சதுக்கம் அந்தப் பட்டியலில் இல்லை. அது இருந்தது பாரிஸில் 1895 டிசம்பர் 28 அன்று கிராண்ட் கஃபேயில் காட்டிய பத்துப் படங்களில். "பாரிஸில் லூமியேர் சகோதரர்களின் முதல் கட்டணக் காட்சியில் இருந்த படம்" என்று தாராளமாகப் போடலாம். பம்பாய் விவரம் வேண்டுமென்றால் தனி வரியாக: மாலை 6, 7, இரவு 9, 10 என நான்கு காட்சி, கட்டணம் ஒரு ரூபாய், ஒரு வாரத்தில் நாவல்டி தியேட்டருக்கு இடம் மாறியது. கட்டடம் காலா கோடாவில் எஸ்பிளனேட் மேன்ஷன் என்ற பெயரில் இன்னும் நிற்கிறது. பிள்ளைகளை வெளியிலிருந்தாவது காட்டுங்கள்.

உரிமை விஷயம்: இந்தியச் சட்டத்தில் திரைப்பட உரிமை வெளியானதிலிருந்து 60 ஆண்டு. 1895 படத்துக்கு அது எப்போதோ முடிந்தது. ஆனால் புதிதாகப் புதுப்பித்து ஸ்கேன் செய்த பிரதிக்கும், அதனுடன் சேர்த்த இசைக்கும் அதைச் செய்தவர்கள் உரிமை கோரலாம். யாருடைய ஸ்கேன் என்று பார்த்து எழுத்தில் கேளுங்கள். பின்னணி இசையை எடுத்துவிட்டு, மண்டபத்திலேயே ஒருவர் ஆர்மோனியமோ வயலினோ வாசித்தால் பாதிச் சிக்கல் தீர்ந்தது.

ஒரு சின்ன யோசனை. சுவர் இடிப்புப் படத்தை அந்தக் காலத்திலேயே பின்னோக்கி ஓட்டிக் காட்டினார்கள், இடிந்த சுவர் எழுந்து நிற்கும். பத்தில் அது இருந்தால் கடைசியாக அப்படியும் ஒரு தடவை போடுங்கள்.

கிங்ஸ்சர்க்கிள்காரன்:

எல்லோருக்கும் மிக்க நன்றி. 34 வினாடிப் பிரதியில் ஆறு பேரை அளந்தேன். பத்து அடிக்கு 79, 83, 84, 86, 88, 97 என்று வருகிறது. 97 ஒரு வயதான பெண்மணி. 16 என்று வைத்துக்கொள்ளலாமா? சுவரொட்டி வரியை மாற்றிவிட்டேன். இனி ஹுதாத்மா சௌக் படப்பிடிப்புக்கு யாராவது வழி சொல்லுங்கள்.

பிரேம்எண்ணி:

16 தாராளமாக. அந்த அம்மாவை விட்டுவிடுங்கள், அல்லது இரண்டாம் தடவை ஓட்டும்போது பிள்ளைகளிடம் அவரைத் தேடச் சொல்லுங்கள்.

சயான்கேமரா:

படப்பிடிப்புக்கு இதோ.

இடமும் நேரமும்தான் முக்கால் வேலை. காலை 9இலிருந்து 10க்குள், சௌக்கிலுள்ள ஃபுளோரா ஃபவுண்டன் பக்கம் நின்று வீர் நரிமன் சாலை வழியாகச் சர்ச்கேட்டை நோக்கிக் கேமராவை வையுங்கள். அந்த நேரத்தில் ஆபீஸ் கூட்டம் சர்ச்கேட் ஸ்டேஷனில் இறங்கி உங்களை நோக்கி நடந்து வரும். சூரியன் கிழக்கே, உங்கள் முதுகுக்குப் பின்னால். வருபவர்கள் முகத்தில் நேராக வெளிச்சம். மாலையில் அதே இடத்தில் நின்றால் எல்லோருடைய முதுகும் லென்ஸில் வெயிலும்தான் கிடைக்கும். மாதம் நவம்பரிலிருந்து பிப்ரவரி வரை நல்லது, நிழல் நீளமாக விழும். மும்பையில் மே நடுவிலும் ஜூலைக் கடைசியிலும் உச்சி வெயில் நேர் தலைக்கு மேல் வந்து, நிழலே காலடியில் ஒடுங்கிவிடும். அப்போது சதுக்கம் தட்டையாகத் தெரியும்.

சாலைக்கு நேர் குறுக்கே பார்க்காமல் மூலைவிட்டமாக வையுங்கள். வண்டிகள் தூரத்தில் சிறிதாகத் தோன்றி, பெரிதாகி, ஓரத்தில் வெளியேற வேண்டும். லூமியேரின் நல்ல படங்களில் எல்லாம் இந்தக் கோணம் இருக்கும். உயரம் நிற்கும் ஆளின் கண் அளவு. கைபேசியின் சாதாரண லென்ஸ் மிகவும் அகலம், சதுக்கத்தில் மனிதர்கள் எறும்பாகிவிடுவார்கள். 2 அல்லது 3 மடங்கு லென்ஸில் எடுங்கள். அது தனி லென்ஸாக இருக்க வேண்டும். விரலால் விரித்துப் பெரிதாக்கினால் தரம் போகும்.

வேகம்: 16இல் எடுக்கும் வசதி கைபேசியில் வராது. 60இல் எடுத்து, பிறகு நான்கில் ஒரு பிரேமை வைத்துக்கொண்டால் 15 கிடைக்கும், போதும். ஷட்டரை (ஒவ்வொரு பிரேமுக்கும் ஒளி படும் நேரத்தை) 1/60 வினாடியில் பூட்டுங்கள். வெயிலில் அந்த ஷட்டருக்குப் படம் வெள்ளையாகிவிடும், அதனால் என்டி வடிகட்டி (ஒளியைக் குறைக்கும் கருங்கண்ணாடி) வேண்டும். ஐஎஸ்ஓ (ஒளி உணர்திறன்) 50, எஃப் (லென்ஸ் துளை அளவு) 1.8 லென்ஸ், முழு வெயில் என்றால் என்டி 64 கணக்குக்கு வரும். லென்ஸின் எஃப் எண் 2.8 என்றால் என்டி 32 அல்லது 16. வடிகட்டி இல்லாமல் தானியங்கியில் விட்டால் ஷட்டர் 1/2000க்கு மேல் போய்விடும். ஒவ்வொரு காலும் கத்தியால் வெட்டியது போலக் கூர்மையாக இருக்கும், ஓட்டும்போது வெடுக் வெடுக் என்று துள்ளும். பழைய படத்தின் மிருதுவான நடைக்கு அந்த லேசான மங்கல்தான் காரணம். ஃபோகஸ், வெளிச்சம், வெள்ளைச் சமநிலை மூன்றையும் தொடங்கும் முன்பே பூட்டுங்கள். இல்லாவிட்டால் ஒரு பஸ் குறுக்கே வந்ததும் முழுச் சதுக்கமும் வெளுத்துத் திரும்பும்.

நிறம்: அந்தக் காலப் பிலிம் நீல ஒளியைத்தான் பார்த்தது. ரிசால்வில் ஆர்ஜிபி மிக்சரில் மோனோக்ரோம் வைத்து, சிவப்பைப் பூஜ்ஜியமாக்கி, நீலம் 0.7, பச்சை 0.3 என்று கொடுங்கள். நீலம் மட்டும் வைத்தால் கைபேசி வீடியோவில் கட்டம் கட்டமாக உடையும். வானம் வெள்ளையாகும், பெஸ்ட் நகரப் பஸ்ஸின் சிவப்பு கிட்டத்தட்ட கருப்பாகும், காலி பீலி (கருப்பு மஞ்சள்) டாக்சியின் மஞ்சள் கூரையும் இருண்டு கருப்போடு சேர்ந்துவிடும். 1895இன் லியோனை எப்படி ஒரு பிலிம் பார்த்தது என்று பிள்ளைகளுக்கு விளங்க இதைவிட நல்ல பாடம் கிடையாது. முதலில் வண்ணத்தில் காட்டி, பிறகு மாற்றிக் காட்டுங்கள்.

ஒழுங்கு: டிரைபாடில் வைத்த பிறகு யாரும் தொடக் கூடாது. 50 வினாடி, ஒரே ஷாட். வெட்டு, பான் (கேமராவைப் பக்கவாட்டில் திருப்புவது), ஜூம் கிடையாது. பழைய கருவியில் ஓடும்போது பார்க்கத் தனி வியூஃபைண்டரே இல்லை. பிலிம் போடுவதற்கு முன் பின்பக்கத்தைத் திறந்து சட்டகத்தைப் பார்த்து முடிவு செய்ததுதான். ஆகவே பிள்ளைகளும் தொடங்கிய பிறகு திரையைப் பார்க்காமல் சௌக்கைப் பார்க்கட்டும். தொடங்கும் முன் பத்து நிமிடம் அங்கே நின்று, சிக்னல் எப்போது மாறுகிறது, கூட்டம் எந்த ரயிலுக்குப் பிறகு பொங்கி வருகிறது என்று கவனித்து, அதற்குப் பத்து வினாடி முன்னால் பொத்தானை அழுத்த வேண்டும். ஒரு பிள்ளைக்கு மூன்று முயற்சி என்று வையுங்கள்.

சிலர் கேமராவைப் பார்த்துச் சிரிப்பார்கள், நின்றுவிடுவார்கள். அந்த ஷாட்டைத் தூக்கிப் போட வேண்டாம். 1900களில் மிட்செல், கென்யன் என்ற இருவர் இங்கிலாந்துத் தெருக்களில் எடுத்த படங்களில் பாதி அழகு அந்தத் திரும்பிப் பார்ப்பதில்தான்.

போக்குவரத்துச் சாலையில் டிரைபாட் வைப்பதால் பகுதிக் காவல் நிலையத்தில் முன்கூட்டியே எழுத்தில் கேட்டு, அந்தக் கடிதத்தைக் கையில் வைத்திருங்கள். நடைபாதையை மறிக்காத சிறிய டிரைபாட், கூடவே இரண்டு பெரியவர்கள்.

வாட்சன்வாசல்:

ஒன்றைச் சேர்க்கிறேன். எடுத்த தேதியையும் நேரத்தையும் பிள்ளைகள் எழுதி வைக்கட்டும், கோப்புப் பெயரிலேயே. சான்பிரான்சிஸ்கோ மார்க்கெட் தெருவில் டிராம் முன்னால் கேமரா வைத்து எடுத்த படம் ஒன்று 1905 என்று நெடுங்காலம் நம்பப்பட்டது. தெருவில் தேங்கிய மழை நீர், நிழலின் கோணம், ஒரு காரின் பதிவு எண் இவற்றை வைத்து டேவிட் கீன் என்பவர் அது 1906 ஏப்ரலில், ஏப்ரல் 18 நிலநடுக்கத்துக்குச் சில நாட்களே முன்பு எடுத்தது என்று நிறுவினார். தேதி எழுதியிருந்தால் அவருக்கு அந்த வேலை மிச்சம்.

கிங்ஸ்சர்க்கிள்காரன்:

குறித்துக்கொண்டேன். என்டி 64 இங்கே வாடகைக்குக் கிடைக்குமா, கைபேசியில் எப்படி மாட்டுவது?

சயான்கேமரா:

கிளிப் போல மாட்டும் வளையத்தோடு சேர்த்தே விற்கிறார்கள், ஃபோர்ட்டில் கேமரா கடைகளில் கேளுங்கள். வாங்கும் முன் உங்கள் கைபேசியின் 2 அல்லது 3 மடங்கு லென்ஸ் மேல் வளையம் முழுதாக மூடுகிறதா என்று பாருங்கள். பல கிளிப்கள் முதன்மை லென்ஸுக்கு மட்டும் பொருந்தும். வெயிலில் வடிகட்டி போட்டதும் சில கைபேசிகள் இருட்டு என்று நினைத்துத் தானாகவே முதன்மை லென்ஸுக்குத் தாவிவிடும். எந்த லென்ஸ் என்று பூட்டும் வசதியுள்ள கேமரா செயலியைப் பயன்படுத்துங்கள். விரலை லென்ஸ் லென்ஸாக வைத்து மறைத்துப் பார்த்தால் உண்மையில் எது வேலை செய்கிறது என்று தெரிந்துவிடும்.